இறக்கி வைக்கச் சொல்லாத கவர்னர்

என் புருஷன் ஜோதம் செத்துப்போனவர். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் யாரும் என்னைப் பிடித்துக்கொள்ளக் கூடாது. அமெரிக்க உள்நாட்டுப் போரில், கரோலினாக் கடற்கரையில் ஒரு மணல் கோட்டையை எங்கள் கறுப்பர் படை தாக்கிய அன்று, கொடியைத் தூக்கிக்கொண்டு முதல் ஆளாக மதில் ஏறினார். ஏறியதைப் பார்த்தவர்கள் உண்டு, இறங்கியதைப் பார்த்தவர்கள் இல்லை. அடிமை முறைக்காகச் சண்டை போட்ட தென்னாட்டுக்காரர்கள் எல்லோரையும் ஒரே குழியில் தள்ளி மூடினார்கள். கொடியும் போயிற்று.

அப்படிப்பட்ட மனிதர் போர் முடிந்து இத்தனை காலம் கழித்து, கவர்னர் அலுவலகம் இருக்கும் மாநில மாளிகையின் வாசற்படிக்குக் கீழே பட்டப்பகலில் வந்து நின்றால் நான் என்ன செய்வது?

முதலில் பார்த்தது டோர்கஸ்தான். ஜோதமின் தங்கை, என்னோடு இருந்து தையல் வேலை செய்பவள். ரொட்டி வாங்கப் போனவள் வெறுங்கையோடு ஓடி வந்தாள்.

"அண்ணி, அண்ணன் நிக்கிறாரு."

"எந்த அண்ணன்டி?"

"எனக்கு எத்தனை அண்ணன் இருக்காங்க? வந்து பாருங்க!"

ஊசியைத் துணியிலேயே குத்தி வைத்துவிட்டு ஓடினேன். நின்றார். நீலச் சீருடை இடுப்பு வரைக்கும் நனைந்திருந்தது, முழங்காலில் கடல் மணல். இரண்டு கையாலும் கொடிக்கம்பைப் பிடித்திருந்தார். கம்பு மட்டும்தான், துணி இல்லை. கண் மேலே மாளிகைக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தது. தொப்பி போட்ட கனவான்கள் அவரைத் தாண்டிப் போனார்கள். யாருக்கும் தெரியவில்லை. ஆனால் அந்த இடம் வந்ததும் எல்லோரும் பேச்சை நிறுத்தி, நாலடி தள்ளிப்போய்த்தான் மறுபடி தொடங்கினார்கள்.

"ஜோதம்" என்றேன். "வீட்டுக்கு வாங்க." திரும்பவே இல்லை.

பயம் இருந்ததா என்றால், இருந்தது. ஆனால் அவர் கையைப் பார்த்ததும் பயத்தை மீறி வயிறு எரிந்தது. கை நடுங்கிக்கொண்டிருந்தது. ஜோதம் பீப்பாய்ப் பட்டறையில் வேலை செய்தவர், வலது தோள் எப்போதோ நழுவி, கனத்தைத் தூக்கினாலே வலிக்கும். செத்தும் அந்தத் தோள் அவரை விடவில்லை. போகப் போக கம்பு சாய்ந்தது. சாயும்போதெல்லாம் பல்லைக் கடித்து நிமிர்த்தினார்.

ஏன் நிற்கிறார் என்று எனக்குத் தெரியும். எங்கள் கவர்னர் ஹால்புரூக் அன்று அவரிடம் சொன்ன ஒரு வார்த்தைக்காகத்தான். போர் அடிமைகளின் விலங்கை உடைக்கத்தான் என்று சொல்ல வாஷிங்டனில் இருந்தவர்கள் மென்று முழுங்கிக்கொண்டிருந்த காலத்தில், மேடை மேடையாக ஏறி உடைத்துச் சொன்னவர் அவர். கறுப்பன் கையிலும் துப்பாக்கி கொடு என்று சண்டை போட்டு எங்கள் ஆட்களைப் படையாக்கினார். ஒட்டடைக்குச்சி மாதிரி உடம்பு, குரல் மட்டும் மைதானத்தின் அந்தக் கோடி வரை போகும். நானும் டோர்கஸும் எங்கள் தேவாலயத்துப் பெண்களோடு சேர்ந்து தைத்த பட்டுக்கொடியை அவர்தான் ஜோதமிடம் கொடுத்தார். நான் பின்வரிசை. முரசுச் சத்தம் ஒருபக்கம், என் தோளில் முகத்தை வைத்து டோர்கஸ் போட்ட ஊளை ஒருபக்கம். என் காதில் ஒழுங்காக விழுந்தது கடைசி வாக்கியம் ஒன்றுதான்: "ஜோதம் ராய்ஸ், இது என் கைக்குத் திரும்பி வரும்வரை இறக்காதே."

"சரிங்கய்யா" என்றார் ஜோதம். சொன்னால் சொன்னதுதான், அந்தப் பிடிவாதத்தோடுதான் நான் குடும்பம் நடத்தினேன்.

கோட்டையிலிருந்து நடந்தே வந்திருப்பார் போலிருக்கிறது. அவர் வந்து சேர்வதற்கு முந்தின வாரம்தான் கவர்னரைப் புதைத்தோம்.

இனி யார் சொல்வது, இறக்கி வை என்று? அவர் காத்திருக்கும் கைதான் மண்ணுக்குள் போய்விட்டதே. நான் தினமும் போய்க் கெஞ்சினேன், திட்டினேன். ஒன்றும் ஆகவில்லை.

"அண்ணி, கவர்னர் பேசுறாராம், மேசன் ஹால்ல" என்று டோர்கஸ் ஒருநாள் சொன்னாள். "பெல்டன்னு ஒருத்தரு. கண்ணை மூடினா செத்தவங்க அவரு வாயில வந்து பேசுறாங்களாம்."

"அவன் ஃபிராடுடி."

"இருக்கட்டும். குரல் அப்படியே இருக்குதாம்."

போய்க் கேட்டேன். எராஸ்டஸ் பெல்டன், நாடகக் கம்பெனியில் காலம் தள்ளி, அது படுத்ததும் ஆவிகளைப் பிடித்துக்கொண்ட வெள்ளைக்காரர். கண்ணை மூடினார், தலையை ஆட்டினார், அப்புறம் ஐயோ, அந்தக் குரல்! முன்வரிசையில் ஒரு விதவை மூர்ச்சையானாள். நான் மூர்ச்சையாகவில்லை. கவர்னரின் எழுத்தும் பேச்சும் ஒரே புத்தகமாக அப்போதுதான் அச்சாகியிருந்தது, தேவாலயத்தில் அதிலிருந்து வாசித்துக் கேட்ட நாலைந்து பக்கத்தையே வரி பிசகாமல் ஒப்பிக்கிறார் என்று எனக்கு அப்பட்டமாகத் தெரிந்தது.

முடிந்ததும் மேடைக்குப் பின்னால் போனேன்.

"உன் பேரு கெட்டுரான்னு சொன்னாங்க" என்றார். "என்ன வேணும் கெட்டுரா?"

"மிஸஸ் ராய்ஸ். நீங்க பண்றது பித்தலாட்டம்னு எனக்குத் தெரியும்."

"கத்தாதீங்கம்மா. வெளியில ஆளு இருக்கு."

"எனக்கு அந்தப் பித்தலாட்டம்தான் வேணும். மாளிகைப் படியில நின்னு அந்தக் குரல்ல ஒரே ஒரு வரி சொல்லணும். 'ஜோதம், இறக்கி வை.' அவ்வளவுதான். உங்க கோட்டு உள்துணி கிழிஞ்சு தொங்குது, புதுசு மாதிரி தச்சுத் தரேன்."

கோட்டைத் தூக்கிப் பார்த்துக்கொண்டார். "யாருக்காகச் சொல்லணும்?"

"என் புருஷனுக்கு. செத்துட்டாரு."

சிரிக்கத்தான் போனார். என் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. "சரி. ஆனா மொட்டையா ஒரு வரின்னா குரல் ஏறாது. கொடி கொடுத்த அன்னிக்குப் பேசின பேச்சு புஸ்தகத்துல முழுசா இருக்கு. அதை ஆரம்பத்துலேர்ந்து சொல்லி, கடைசியில உங்க வரியைச் சேர்த்துடறேன்."

"என்ன கழுதையோ, சொல்லித் தொலைங்க" என்றேன்.

மறுநாள் நண்பகல். வெயில் இருந்தது, ஆனால் பனி இறுகிக் கிடந்தது. நானும் டோர்கஸும் கீழே, ஜோதமுக்குப் பக்கத்தில். பெல்டன் மேல்படியில் ஏறி நின்று, தொண்டையைச் செருமிக்கொண்டு, கண்ணை மூடினார்.

"வீரர்களே!"

ஜோதமின் குதிகால்கள் ஒன்றோடொன்று சேர்ந்தன. எனக்குப் பனியில் அந்தச் சத்தம் கேட்டது. டோர்கஸ் என் கையைக் கிள்ளியே விட்டாள்.

பெல்டன் தன் பாட்டுக்குப் போனார். "இந்தக் கொடி என்னுடையதல்ல. இந்த மாநிலத்துடையதும் அல்ல. தங்கள் கணவர்களையும் சகோதரர்களையும் அனுப்பிவைக்கும் கறுப்பினப் பெண்கள் தங்கள் விரல்களால் தைத்தது இது. நடுவில் நிற்கும் ஒரு கை மட்டுமே நான். என் கை இல்லாமல் போகுமானால், தைத்த கைகள் இருக்கின்றன. அவர்களிடம் கொடுங்கள்."

இதை நான் கேட்டதே இல்லை. அன்று முரசு விழுங்கிய வரிகள் இவை. டோர்கஸின் ஊளைக்குள் போய்விட்ட வரிகள்.

ஜோதமும் அதை மறந்திருக்க வேண்டும். இத்தனை வாரங்களாக மேலேயே பார்த்திருந்த அந்தத் தலை மெல்ல, கழுத்தே துருப்பிடித்தது போல, திரும்பியது. என்னைப் பார்த்தார்.

பேச்சு நின்றது. நிமிர்ந்தேன். பெல்டன் கண்ணைத் திறந்திருந்தார், முகத்தில் ரத்தம் இல்லை.

"மிஸஸ் ராய்ஸ்... அந்த ஆளு... உங்க பக்கத்துல யாரு அது?"

"தெரியுதா? அப்ப சொல்லுங்க அந்த வரியை!"

"ஜோ... ஜோதம், இறக்கி வை" என்றார். கவர்னர் குரல் இல்லை, பயந்துபோன கிழவனின் சொந்தக் குரல். ஜோதம் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. கம்பை இரண்டு கையாலும் தூக்கி, என் முன்னால் நீட்டினார். வலது தோள் துடித்தது.

இப்போது நான் செய்ததைச் சொன்னால் காறித் துப்புவீர்கள். கையை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன். அதை வாங்கினால் அவர் போய்விடுவார் என்று அப்போதுதான் உறைத்தது. தினமும் வந்து பார்க்க ஒரு முகம் இருந்தது. பேசாது, திரும்பாது, ஆனால் என் ஜோதமின் முகம். அதை யாருக்காக விட்டுக்கொடுப்பேன்?

"அண்ணி, வாங்கிக்குங்க" என்று டோர்கஸ் அழுதாள். "கையைப் பாருங்க அண்ணி, அண்ணன் கையைப் பாருங்க!"

பார்த்தேன். கம்பு அவர் கையில் கிடுகிடுவென்று ஆடிக்கொண்டிருந்தது.

"கொடுங்க" என்றேன். "நான் தச்சது, நானே வாங்கிக்கிறேன். போய்ப் படுங்க."

இரண்டு கையையும் நீட்டினேன். அவர் விரல்கள் ஒவ்வொன்றாகப் பிரிந்தன. கம்பு என் கையில் விழுந்தபோது முட்டி மடங்கிப் பனியில் உட்கார்ந்துவிட்டேன். அவ்வளவு கனம். ஜோதம் இடது கையால் வலது தோளைப் பிடித்துவிட்டுக்கொண்டார், பட்டறையிலிருந்து வந்ததும் செய்வாரே, அதேபோல. அப்புறம் அந்த இடத்தில் மிதிபட்ட பனி மட்டும் இருந்தது.

பெல்டன் தடுமாறி இறங்கி வந்தார். "போயிட்டாரு. அவ்வளவுதாம்மா, எழுந்திரிங்க. கையில ஒண்ணுமில்ல, பாருங்க. கீழே விடுங்க."

ஒன்றுமில்லைதான். எனக்கும் தெரிகிறது. காற்றைச் சுற்றி இரண்டு முஷ்டி, முன்னும் பின்னுமாக. பிரிக்க முயன்றேன், பிரியவில்லை, கனமும் இறங்கவில்லை.

பெல்டன் மறுபடி மேடை ஏறவில்லை என்று கேள்வி. அவர் கோட்டை டோர்கஸ்தான் தைத்துக் கொடுத்தாள், என்னால் ஊசி பிடிக்க முடியவில்லை. சனிக்கிழமை அவித்த மொச்சையைக் கரண்டியால் எனக்கு ஊட்டுகிறாள், ஊட்டும்போதெல்லாம் மூக்கை உறிஞ்சுகிறாள்.

"எங்கிட்ட கொடுங்க அண்ணி" என்றாள் நேற்று. "நானும்தானே தச்சேன். நீங்க கொஞ்ச நேரம் படுங்க."

"வாயை மூடுடி" என்றேன். "உனக்குக் கல்யாணம் ஆகணும்."