வெளிச்சத்துக்கு வந்து பேசு

இறந்துபோன தங்கை லியோனாவின் கூந்தலில் கடைசிக் கொண்டை ஊசியைச் செருகிக்கொண்டிருந்த ஹெஸ்டரைத் தம்பி ஆல்வின் தோளில் தட்டித் திருப்பினான். சிறுவயதுக் காய்ச்சலில் காது போனவள் ஹெஸ்டர். உதட்டைப் பார்த்துத்தான் பேச்சைப் புரிந்துகொள்வாள். "வெளிச்சத்துக்கு வந்து பேசு" என்பது அந்த வீட்டில் அவள் ஓயாமல் சொல்வது.

சாவு வீடென்று திரைகளை இழுத்துவிட்டிருந்தார்கள். ஆல்வின் வாசல் பக்கம் நகர்ந்து நின்றான்.

"தியேட்டர்ல லியோனா படத்தைப் போடுறாங்கக்கா. ஊரே வருது, நீ வராம இருந்தா நல்லா இருக்காது. கல்லறைக் கல்லுல என்ன வெட்டணும்னும் நீதான் சொல்லணும்."

தங்கையைப் பெட்டியில் கிடத்திவிட்டுப் படம் பார்க்கப் போவதா? ஆனாலும் போனாள். ஹட்சன் ஆற்றங்கரை ஸ்டூடியோவில் லியோனா நடித்த ஒரே படம் அது. அது வெளிவந்தபோது, "சுத்தக் குப்பைக்கா, நீ வராதே" என்று அவளே தடுத்துவிட்டாள். பிறகு அந்தப் படத்தின் காமிராக்காரன் டெல்மர் லியோனாவைக் கலிபோர்னியாவுக்குக் கூப்பிட்டான். அவள் போகவில்லை. அக்காவுக்காக இருந்துவிட்டாள் என்று ஊர் மெச்சியது. ஹெஸ்டருக்கும் அதில் பெருமைதான்.

திரையில் நோயாளிக் கணவன் படுத்திருந்தான். வெளியே காதலனின் வண்டி. வாசற்படியில் லியோனாவின் முகம் மட்டும் பெரிதாக வந்தது. பேசாத படத்தில் நடிப்பவர்கள் வாய்க்கு வந்ததைப் பேசலாம். காமிரா சுற்றும் சத்தத்தில் முணுமுணுப்பு யார் காதிலும் விழாது. வசனத்தைப் பிறகு அட்டையில் எழுதிக் காட்டுவார்கள்.

லியோனா காமிராவைப் பார்த்து உதட்டை அசைத்தாள். ஹெஸ்டர் படித்தாள்.

"டெல்மர், என்னைக் கூட்டிட்டுப் போயிடு. அக்கா செத்தாத்தான் எனக்கு விடிவு. இப்படி நெனைக்கிறேனே, நான் மனுஷியா?"

அட்டை வந்தது: 'போய்விடுங்கள். என் கடமை இந்த வீட்டில் இருக்கிறது.'

சுற்றிலும் கைக்குட்டைகள் எழுந்தன. எத்தனை வருஷம் லியோனா கையால் சாப்பிட்டிருக்கிறோம் என்று ஹெஸ்டர் நினைத்தாள்.

விளக்கு போட்டதும் ஆல்வின் கண்ணைத் துடைத்தான். "கல்லுல அட்டையில வந்த அந்த வரியையே வெட்டச் சொல்லிடவாக்கா? எல்லாரும் அதான் சொல்றாங்க."

"வேணாம்."

"ஏன்? அவ வாழ்ந்ததே அப்படித்தானே?"

"பேரு மட்டும் போதும்."

தன் குரலின் அளவு அவளுக்குத் தெரியாது. அரங்கமே திரும்பிப் பார்த்தது.

வீட்டுக்கு வந்ததும் சன்னல் திரையை விலக்கினாள். மாலை வெயில் லியோனாவின் முகத்தில் விழுந்தது. நாற்காலியை எதிரே இழுத்துப் போட்டு உட்கார்ந்து, அந்த உதடுகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.