எந்த மாமா?

என் வீட்டுக்காரருக்குப் பூட்டுத் தொழில். ஒரு சாவி இரண்டு பூட்டைத் திறந்துவிட்டால் அவருக்கு மானமே போய்விடும். ஆனால் இணையத்தில் எங்கே கணக்குத் தொடங்கினாலும் ஒரே பாஸ்வேர்டுதான். கேட்டால், "ஞாபகம் இருக்க வேணாமா?" என்பார்.

மகளின் அறையில் கேமரா மாட்டிக் கொடுத்தவன் என் தம்பி. அடுத்த அறையில் தைத்துக்கொண்டே அவளைப் போனில் பார்த்துக்கொள்வேன். போனிலிருந்தே அவளிடம் பேசவும் செய்யலாம். தம்பியும் அவ்வப்போது தன் போனிலிருந்து மருமகளைக் கொஞ்சுவான்.

இரண்டு வாரமாக மகள், "மாமா பேசினாரும்மா" என்று சொல்லிக்கொண்டிருந்தாள். தையல் மிஷின் சத்தத்தில் எனக்கு எதுவும் கேட்கவில்லை. தம்பித் துரைக்குத் திடீரென்று பாசம் பொத்துக்கொண்டு வருகிறதே என்று சிரித்துக்கொண்டேன்.

இன்று மத்தியானம் தம்பி வந்தான்.

"தினமும் கதை சொல்றியாமே, ஆபீஸ்ல வேலைவெட்டி இல்லையாடா?"

"நானா? அந்த கேமராவைத் தொட்டு ஒரு மாசம் ஆச்சுக்கா."

அவன் என் போனைப் பிடுங்கி, கேமரா கணக்கில் எந்தெந்த போன் நுழைந்திருக்கிறது என்று தேடினான். என் போன், அவர் போன், தம்பி போன். நான்காவதாக ஒரு போன் இருந்தது.

அவருக்கு போன் போட்டான். "அத்தான், கேமராவுக்கு வச்ச பாஸ்வேர்டை வேற எங்கல்லாம் போட்டிருக்கீங்க?"

"எல்லா எடத்துலயும்தான். ஏன்?"

அவர் உதிரிபாகம் வாங்கும் வலைத்தளத்திலிருந்து பாஸ்வேர்டுகள் திருடு போயிருந்தன. மாற்றச் சொல்லி மெயில் வந்ததாம். விளம்பரம் என்று அழித்துவிட்டாராம், மகாராசன்.

"ஒரு எடத்துல சுட்டதை வரிசையா எல்லா எடத்துலயும் போட்டுப் பாப்பானுங்கக்கா. எங்கயாவது திறந்துக்கும்."

என் வீட்டில் திறந்திருக்கிறது. அவரைத் திட்ட வாய் வரவில்லை. இரண்டு வாரம் இளித்துக்கொண்டிருந்தவள் நான்தானே! என்னையே அறைந்துகொள்ளலாம் போலிருந்தது.

தம்பி கேமராவின் வயரைப் பிடுங்கினான். ஒவ்வொரு கணக்குக்கும் வேறு வேறு பாஸ்வேர்டு வைக்கத் தொடங்கினான். நான் மகளை மடியில் இழுத்துக்கொண்டேன்.

"மாமா என்னடி பேசினாரு?"

"கதை சொன்னாரு. அப்புறம் வாசத் தாழ்ப்பா எனக்கு எட்டுமான்னு கேட்டாரு."

"நீ என்ன சொன்ன?"

"எட்டாதுன்னேன். ஸ்டூல் போட்டுப் பழகச் சொன்னாரு."

தம்பி கேட்டான்: "பழகினியா?"

"இப்ப நல்லா எட்டுதே!" என்றாள், பெருமையாக.