நாலாவது பாட்டில் ஒரு குரல்

...இதையா நான் பண்ணினேன், இந்த இரைச்சலையா, தகர டப்பாவுக்குள் ஆணிகளைப் போட்டுக் குலுக்கினதுபோல இருக்கே என்று ஹெட்போனுக்குள் நெளிந்துகொண்டிருந்தார் இசைக்காரர். மின்னிசையில் இன்று பெயர் எடுத்தவர். பெயர் எடுக்காத காலத்தில், வாடகை அறையில், ஓட்டை கீபோர்டையும் ஒரு டிரம்மையும் கேசட் ரெக்கார்டரையும் வைத்துக்கொண்டு பதிவு செய்ததையெல்லாம் திரட்டி ‘ஆரம்பகாலப் பதிவுகள்’ என்று ஆல்பம் போடப்போகிறார்கள், சாயங்காலத்துக்குள் இவர் சரி என்று சொல்லவேண்டும், சொல்லிவிட்டால் மானம் போனால் போனதுதான்... ஆனாலும் அந்த வயசில் நானென்கிற பயல் பயமே இல்லாமல் அடித்திருக்கிறான், தோள்வரை முடி வைத்திருந்த திமிர், இப்போது ஒரு சத்தத்தை வைப்பதற்குள் அதனிடமே பத்துத் தடவை அனுமதி கேட்கிறேன், அதற்கு ‘மௌனத்தின் சிற்பி’ என்று பட்டம் வேறு, சிற்பியாவது மண்ணாவது, பெண்டாட்டிக்குச் சத்தம் ஆகாது, அவ்வளவுதான் விஷயம், அதை எந்தப் பேட்டியில் போய்ச் சொல்வது?

நாலாவது பாட்டில் அது வந்தது. டிரம் தலைதெறிக்க ஓடும் இடத்தில் கதவைத் தடதடவென்று தட்டும் ஓசை, பின்னாலேயே ஒரு பெண்குரல், “மனுஷங்க குடியிருக்கிற எடமா இது? நிறுத்தித் தொலைங்க!” ஆல்பம் தொகுப்பவன் இதை மட்டும் வெட்டக்கூடாது என்று காலில் விழாத குறையாகச் சொல்லியிருந்தான், அந்தக் குரல்தான் சார் உயிர் என்று, இவருக்குத் தெரியாதா, அந்தக் குரலைத்தானே கட்டிக்கொண்டார், அன்று கதவைத் திறப்பதற்குள் ஆள் மாயம், மறுநாள் மாடிப்படியில் பக்கத்துப் போர்ஷன் பெண்ணை நிறுத்தி, நேற்று வந்தது நீங்கதானா என்று கேட்க, அவள் தலையாட்ட, இவர் வழிய வழிய மன்னிப்புக் கேட்க... மனைவியைக் கூப்பிட்டார். ஈரக்கையைத் துடைத்துக்கொண்டே வந்தவளின் காதில் ஹெட்போனை மாட்டி, முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார், வெட்கப்படுவாள் என்று. அவள் சிரித்தாள்.

“எங்க அக்கா தொண்டை அப்பவே இப்படித்தான்.”

“அக்காவா? நீ இல்லையா?”

“நான் ஏன் கத்தப்போறேன்? செவுத்துல காதை வச்சுக் கேட்டுட்டிருந்தேன். நல்லா இருந்துச்சு.”

“அப்ப படியில ஆமான்னு தலையாட்டினியே?”

“இல்லன்னா நீங்க அவகிட்டப் போய் மன்னிப்புக் கேட்டிருப்பீங்க. எனக்கு என்ன லாபம்?”

லாபமாம்... அப்படியென்றால் நான் மயங்கியது இவள் அக்காவின் தொண்டைக்கா, ஃபோனில் அவள் ஹலோ என்றாலே ஃபோனைக் கைமாற்றிவிட்டு ஓடுகிறேனே, சரி, அது போகட்டும், இவளுக்குச் சத்தம் பிடித்திருந்தது என்றால், இத்தனை வருஷமாக யாருக்காக டிரம்மைத் துணியில் சுற்றி வைத்தேன், அந்தப் பட்டம், அந்த மௌனம், விருது மேடையில் கண்ணை மூடிக்கொண்டு நின்றது, எல்லாம் ஆள்மாறாட்டமா?

“பின்னே ஏன் ஒருநாளும் சொல்லல?” என்று கேட்டார்.

அவள் அறையைச் சுற்றிப் பார்த்தாள், சத்தம் வெளியே போகாமலிருக்க நாலு சுவரிலும் அவர் கையாலேயே ஒட்டிய ஸ்பாஞ்சை, பெட்டகக் கதவுபோல் கனத்த கதவை. “கல்யாணமான உடனே இதையெல்லாம் ஒட்டினீங்க. நான் கேக்கிறது உங்களுக்குப் பிடிக்கல போலன்னு நெனச்சேன்.” அடுப்பில் ஏதோ பொங்குகிறது என்று போய்விட்டாள்.

ஃபோன் அடித்தது, தொகுப்பவன். “சார், முடிவு?” இவர் சுவர் ஓரமாக நின்று, ஸ்பாஞ்சின் ஒரு மூலையை நகத்தால் நெம்பிக்கொண்டிருந்தார், அது எளிதில் வருவதாக இல்லை, நன்றாகத்தான் ஒட்டியிருக்கிறேன் என்று நினைத்தார்.