இரண்டாம் பாகத்தில் விழும் இடங்கள்

பூசை முடிந்து ஜோசஃபினும் கணவர் ஆம்ப்ரோஸும் கோயிலுக்கு வெளியே வந்ததும் டிரேவர் வழிமறித்தான். பங்குத் திருவிழா நாடகக் குழுவுக்கு அவன்தான் செயலாளர்.

"ஆன்ட்டி, பார்ட் டூ எழுதியே ஆகணும். பிரேசர் டவுன் முழுக்க அதையேதான் கேக்குது. அங்கிள் சாம்பார் அண்டாவோட விழுந்தாரே! எங்க மம்மி இன்னும் சிரிக்கிறாங்க. அது கண்டிப்பா இருக்கணும்."

ஆம்ப்ரோஸ் வலது கையை பேன்ட் பாக்கெட்டுக்குள் விட்டுக்கொண்டார். "இந்த வாட்டி ரெண்டு அண்டாடா," என்றார்.

ஜோசஃபின் சிரிக்கவில்லை. போன வருட நாடகத்தை எழுதியவள் அவள். மேடையில் அவருக்கு மனைவியாக நடித்தவளும் அவளே. அவள் எழுதியதில் அவர் விழவே இல்லை. அண்டாவைத் தூக்கிக்கொண்டு நேராக நடந்து போக வேண்டியவர். கால் எழும்பவில்லை. ஜனம் கைதட்டித் தீர்த்தது. இரண்டு மாதம் கழித்து டாக்டர் அவருக்குப் பார்க்கின்சன் நோய் என்றார். வீட்டுக்கு வெளியே யாருக்கும் தெரியாது.

"முடியாதுன்னு சொல்லிடறேன்," என்றாள், வீட்டுக்கு நடக்கையில்.

"ஏன்?"

"மறுபடி விழுந்தா?"

"விழத்தானே கூப்பிடறாங்க."

"விளையாடாதீங்க. விழக்கூடாத எடத்துல விழுந்தா எல்லாருக்கும் தெரிஞ்சுடும்."

"பேங்க் கவுன்ட்டர்ல முப்பது வருஷம், ஜோசி. ஒருத்தன் என்னைப் பாத்து சிரிச்சதில்ல, முறைச்சுட்டுதான் போவான். அன்னைக்கு எனக்கு எழுந்திருக்கவே மனசு வரல. தெரிஞ்சுபோச்சுன்னா அப்புறம் எவன் சிரிப்பான்? பாவம்னுவாங்க. அதுக்குள்ள ஒரு வாட்டி."

அந்த வாரமே எழுதினாள். அதில் அவர் நாடகம் முழுக்க நாற்காலியில் இருந்தார். மற்றவர்கள் அவரைச் சுற்றி விழுந்தார்கள்.

படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தார். "இது எதுக்கு? என் போட்டோவ மாட்டி மாலை போட்டுடு."

ஜோசஃபின் அதைக் கிழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்கினாள். இந்த முறை அவரை வீடு முழுக்க நடக்கவிட்டாள். ஒவ்வொரு காட்சியின் ஓரத்திலும் தனக்கென்று ஒரு வசனம் எழுதி வைத்தாள், அவர் அங்கே விழுந்தால் சொல்வதற்கு. சமையலறையில் விழுந்தால்: 'கூட்டின எடமா பாத்து விழுந்தீங்களே, புண்ணியமா போகும்.' வீடு பார்க்க வந்தவர்கள் முன்னால் விழுந்தால்: 'தரை எவ்ளோ உறுதின்னு காட்டறார், சார்.' விழாவிட்டால் அந்த வசனம் வேண்டியதில்லை.

மூன்றாம் காட்சியில் அவர் மேடையில் தனியாக இருந்தார். அதை அடித்துவிட்டு, தானும் அந்தக் காட்சிக்குள் வந்தாள்.