வினோஜ் கதைக்காத மெச்சுகள்

ஜும்மா தொழுது, சோறும் தின்றுவிட்டு, கடையின் இரும்புக் கதவை அரைவாசிக்கு இழுத்துவிட்டு உள்ளே குந்தியிருந்தான் றிஸ்மி. வெள்ளிக்கிழமை பகலுக்குப் பிறகு கல்முனையில் ஃபோன் திருத்த எவன் வரப்போகிறான்? வந்தாலும், தண்ணிக்குள் போட்ட ஃபோனைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, தண்ணியே படவில்லை என்று சாதிக்கிற ஆட்கள்தான். நித்திரை கொள்ளவேண்டிய நேரம். கண்ணும் அதைத்தான் கேட்டது. ஆனால் அவனுக்குப் பழைய மெச்சுகளைத் திரும்பப் போட்டுப் பார்க்கிற வேலை கிடந்தது. முப்பது தாண்டின பிள்ளைகுட்டிக்காரன் செய்கிற வேலையா இது என்றால், இல்லைதான். பெண்சாதி ஸுஹைறாவும் விடிந்தால் பொழுதுபட்டால் அதைத்தான் கேட்கிறாள்.

விசயம் இதுதான். நாலு பேர் சேர்ந்து ஃபோனில் ஆடுகிற துப்பாக்கிச் சூட்டு கேம். றிஸ்மி கெப்டன். றிப்தியும் பதியுதீனும் பக்கத்துத் தெரு. நாலாமவன் வினோஜ், சொறிக்கல்முனை. வயல் செய்கிற தமிழ்க் குடும்பம். வீட்டுக்குள் சிக்னல் பிடிக்காதென்று வாய்க்கால் கட்டில் வந்திருந்து ஆடுவான். மற்ற இரண்டு பேரும் றிஸ்மியை அண்ணன் முறைக்குக் காக்கா என்று கூப்பிடுவதைக் கேட்டுக் கேட்டு அவனும் காக்கா என்றே கூப்பிடப் பழகிவிட்டான். டீமில் அவனுடைய பொறுப்பு, எதிரி எந்தப் பக்கத்தால் வருகிறான் என்று பார்த்து மைக்கில் சொல்வது. அவன் சொல்லச் சொல்ல மற்ற மூன்று பேரும் சுடுவார்கள்.

மாகாணப் போட்டிக்கு டீம் எடுபட்டாகிவிட்டது. ஆனால் கொஞ்சக் காலமாகப் பயிற்சி ஆட்டங்களில் அடிமேல் அடி. அதுவும் ஒரே மாதிரியான அடி. எதிரி முதுகுக்குப் பின்னால் வந்து நின்று சுட்டுவிட்டுப் போகிற மட்டும் வினோஜிடமிருந்து ஒரு சத்தம் வராது. "ஏன்டாப்பா சொல்லல்ல?" என்று கேட்டால், "சொறி காக்கா" என்று மன்னிப்புக் கேட்பான். அதுக்கு மேல் அவன் வாயிலிருந்து ஒன்றும் வராது.

"வாயில கொழுக்கட்டையா வச்சிரிக்கான் காக்கா இவன்?" என்று றிப்திதான் தொடங்கினான். "என்ட மச்சினன் ஒருத்தன் இரிக்கான், நல்லா ஆடுவான். அவனப் போடுவம்." பதியுதீன் எதுக்கும் ஓம் என்கிற பிறவி. அவனும் ஓம் என்றான். பின்னேரத் தொழுகையான அஸருக்கு முன்னம் நாலு பேரின் பெயரையும் போட்டிக்காரர்களுக்கு அனுப்பியாக வேண்டும். கெப்டனாகப் பிறந்த பாவத்துக்கு, உன்னை எடுத்துவிட்டோம் என்று வினோஜுக்குச் சொல்கிற வேலை றிஸ்மியின் தலையில் விழுந்தது. காலையில் மெசேஜ் போட்டான். நேரே கதைக்க முகமில்லை.

வினோஜ் சண்டை பிடித்திருந்தால் லேசாகப் போயிருக்கும். அவன் எழுதினது இவ்வளவுதான்: "சரி காக்கா. எந்த மெச்சில பிழை விட்டன் எண்டு ஒருக்காக் காட்டுங்க. பாத்திட்டுப் போறன்."

அதைக் காட்டத்தான் இந்த உச்சி வெயிலில், ஃபேன் காற்றும் நெருப்பாக அடிக்கிற கடைக்குள் றிஸ்மி குந்தியிருந்தான். ஒரு துண்டு போதும். வெட்டி அனுப்பிவிட்டு, பெயரையும் அனுப்பிவிட்டு, மேசையில் தலையை வைத்துப் படுத்துவிடலாம்.

கேம் தானாகச் சேமித்து வைக்கிற ரிப்ளேயில் ஆட்டம் தெரியும், குரல் இருக்காது. தோற்ற மெச்சுகளை ஒவ்வொன்றாகப் போட்டான். தேடியது உடனேயே கிடைத்தது. வினோஜின் ஆள் மறைவிடத்தை விட்டு வெளியில் ஓடி வந்து, வெட்டவெளியில் அங்குமிங்குமாகச் சுற்றிக்கொண்டு நிற்கிறான். விசர் பிடித்தவன்கூட இப்படி நிற்க மாட்டான். நின்று, அடி வாங்கிச் சாகிறான். அடுத்த மெச்சிலும் அதேதான். "இந்தா கிடக்கு உன்ட பிழை" என்று றிஸ்மி வாய்விட்டே சொன்னான்.

ஆனால் வேறொன்றும் கண்ணில் பட்டது. அவனுடைய சொந்த ஆள் ஒரு சுவருக்குப் பின்னால் குந்தியிருந்தான். றிப்தியின் ஆள் ஒரு அறைக்குள். பதியுதீன் மாடிப்படிக்குக் கீழே. மையத்து வீட்டுக்குத் துக்கம் கேட்க வந்தவர்கள் மாதிரி மூன்று பேரும் அசையாமல் இருந்தார்கள். எதிரி கலியாண வீட்டுக்கு வருகிறவன் போல ஆறுதலாக நடந்து வந்து சுட்டுவிட்டுப் போனான். நான் ஏன் இப்படிக் குந்தியிருக்கிறேன் என்று றிஸ்மி யோசித்தான். ஞாபகம் வரவில்லை. சிக்னல் போயிருக்கும் என்று நினைத்துக்கொண்டான்.

துண்டை வெட்டினான். அனுப்பப் போகிற நேரம் கை நின்றது. வாய் திறக்கவில்லை என்றுதானே அவனை வெளியே போடுகிறோம்? குரலே இல்லாத வீடியோவை அனுப்பி, பார், நீ கதைக்கவில்லை என்றால், மாடுகூடச் சிரிக்கும். குரலோடு ஒன்று வேண்டும். அது வினோஜிடம்தான் இருந்தது. அவன் ஒவ்வொரு மெச்சையும் குரலோடு பதிந்து யூடியூப்பில் போடுகிற பழக்கமுள்ளவன். பார்க்கத்தான் நாதியில்லை. டீம்காரர்களே ஒருநாளும் திறந்து பார்த்ததில்லை.

றிஸ்மி தேடிப் பிடித்து அதே மெச்சைப் போட்டான். முதலில் வாய்க்கால் கரைத் தவளைச் சத்தம். பிறகு நாலு பேரின் கலகலப்பு, றிப்தியின் புளுகு. பிறகு, தூரத்தில், றிஸ்மியின் மைக் வழியாகவே, இராத் தொழுகைக்கு அழைக்கிற இஷா பாங்கு தொடங்கியது. முதல் அல்லாஹு அக்பர் முடியவில்லை. டக். டக். டக். மூன்று மைக்கும் ஒன்றன்பின் ஒன்றாக நின்றது.

அப்போதுதான் அவனுக்கு விளங்கியது. பாங்கு சொல்லும்போது சத்தம் இருக்கப்படாது. சின்ன வயதிலேயே உம்மாமார் தலையில் குட்டிப் பழக்கின பழக்கம். தொழ எழும்புவது கொஞ்சம் முந்திப் பிந்தும், அது வேறு விசயம். ஆனால் பாங்குச் சத்தம் கேட்டதும் கை தன்பாட்டில் மைக்கையும் சத்தத்தையும் நிற்பாட்டும். ஆளை ஒரு மறைவில் குந்த வைத்துவிட்டு ஃபோனை மடியில் கவிழ்த்துவிடுவார்கள். கல்முனையில் ஒரு பள்ளிவாசலோடு அது முடிகிறதுமில்லை. ஒன்று ஓய மற்றது தொடங்கும். முஸ்லிம் பொடியனுகள் மூன்று பேருக்கும் இது மூச்சு விடுகிற மாதிரி. யாராவது ஒருவனுக்குச் சொல்ல வேண்டிய விசயம் என்று ஒருத்தனுக்கும் படவேயில்லை. சொறிக்கல்முனை வாய்க்கால் கட்டுக்குப் பாங்கு கேட்காது.

வீடியோவில் வினோஜின் குரல் மட்டும் தனியே ஓடிக்கொண்டிருந்தது. "காக்கா, இடப்பக்கம் ரெண்டு பேர். காக்கா, கேக்குதா? றிப்தி, உங்கட அறைக்குப் பின்னால." பதில் இல்லை. கொஞ்சம் பொறுத்து, தனக்குத்தானே சொல்கிற மாதிரி, "ஓ, பாங்கு" என்றான். பிறகு சொன்னான்: "சரி. நான் பாத்துக்கொள்ளுறன்."

அவனுடைய ஆள் மறைவை விட்டு ஓடி வந்து, றிஸ்மி குந்தியிருந்த சுவருக்கு முன்னால் நின்றான். விசரன் மாதிரிச் சுற்றியது, எல்லாப் பக்கமும் தனியே பார்க்கத்தான். சுட்டான், அடி வாங்கினான், விழுந்தான். பிறகு மைக் திறந்து றிஸ்மியின் குரல் வந்தது. "ஏன்டாப்பா சொல்லல்ல?" கேட்கவே அசிங்கமான, எரிச்சல் பிடித்த குரல்.

"சொறி காக்கா" என்றான் வினோஜ்.

றிஸ்மி இன்னொரு மெச்சைப் போட்டான். பிறகு இன்னொன்று. எல்லாம் இஷா நேரத்து மெச்சுகள். எல்லாவற்றிலும் தவளை, பாங்கு, டக், பிறகு அந்தத் தனிக்குரல். வெட்கமாக இருந்தது. வெட்கத்துக்கு மேலே ஒரு அலுப்பு, எலும்புக்குள் இறங்கின அலுப்பு.

அவன் வினோஜுக்குக் கோல் அடித்தான்.

"தம்பி, மெச்சுகளப் பாத்தன். பிழை உன்னில இல்ல. நாங்கதான் பாங்குக்குச் சத்தத்த நிப்பாட்டியிரிக்கம். நீ அப்பவே சொல்லியிரிக்கலாமே."

"எப்பிடிக் காக்கா சொல்லுற? உங்கட பாங்கால தோக்கிறம் எண்டு என்ட வாயால சொல்லேலுமா? நீங்க பிழையா நினைக்க மாட்டீங்க. அதக் கேட்டுப் போய் இன்னொருத்தன் என்னெண்டு கதைப்பான்? நம்மட ஊருகள்ள எதுக்கு என்ன கிளம்பும் எண்டு உங்களுக்குத் தெரியாததா?"

றிஸ்மிக்குத் தெரியும். ஒரு பெயர்ப்பலகைத் தகராறுக்கே தமிழர், முஸ்லிம் என்று இரண்டு பக்கமும் கடை பூட்டின ஊர்.

"அதுக்காக டீம விட்டே போக நிண்டியே."

"போனாலும் ஒரு கேம்தானே காக்கா."

றிஸ்மி ஃபோனை வைக்காமலே, மற்ற ஃபோனில் நாலு பெயரையும் அடித்தான். நாலாவது வினோஜ். அனுப்பிவிட்டு, றிப்திக்கும் பதியுதீனுக்கும் குரல் பதிந்து போட்டான். "வினோஜ் நிக்கிறான். பாங்கு நேரம் நாம காத அடைச்சிப்போட்டு அவன ஊமையாக்கியிரிக்கம். அவன்ட வீடியோவத் திறந்து பாருங்க, மறுகா என்னோட கதையுங்க." பதியுதீன் ஓம் என்று அனுப்பினான். றிப்தியிடமிருந்து கொஞ்சம் பிந்தித்தான் வந்தது: "மச்சினனுக்குச் சொல்லிப்போட்டனே காக்கா." பிறகு, "சரி, நானே பேச்சு வாங்குறன்."

"உன்ட பேரத்தான் அனுப்பியிரிக்கன்" என்றான் றிஸ்மி, கோலில் நின்ற வினோஜிடம்.

வினோஜ் நன்றி ஒன்றும் சொல்லவில்லை. "ஒண்டு கேக்கட்டா காக்கா? பாங்குக்கு நிப்பாட்டுங்க. அது உங்கட விசயம். ஆனா நிப்பாட்ட முன்னம் எனக்கு ஒரு சொல்லுச் சொல்லிப்போட்டு நிப்பாட்டுங்க. ஒருத்தரும் இல்லாத இடத்தில கதைச்சிக்கொண்டு நிக்கிறது பெரிய கரைச்சல்."

றிஸ்மி பதில் சொல்ல வாயெடுத்தான். அதுக்குள் தெருமுனைப் பள்ளியில் அஸர் பாங்கு தொடங்கியது. பழக்கத்தில் பெருவிரல் தன்பாட்டில் கோலைத் துண்டிக்கிற சிவப்பு வட்டத்துக்குப் போனது. அவன் விரலைப் பிடித்து நிறுத்தினான்.

"வினோஜ், பாங்கு சொல்லுது. வாயப் பொத்தப்போறன். ஃபோன வெச்சிராத."

"ஓம் காக்கா" என்றான் வினோஜ். "நான் நிக்கிறன்."