சில்வியாவின் மாத்திரை நடனம்

“துள்ளலா எதுவும் வேணாங்க. எங்கக்கா இருக்குது,” என்று அப்பாவின் சவ ஊர்வலத்துக்கு வந்திருந்த பேண்டு மாஸ்டர் நவநீதனிடம் மூன்றாம் முறையாகச் சொன்னான் ஃபிராங்க்ளின்.

“மாதா பாட்டுதான் சார். அதுல என்னங்க துள்ளல்?”

“அதுக்கே ஆடும்.”

ஆறு வருடத்துக்கு முன் பைபோலார் மனநோய் உச்சத்துக்கு ஏறியபோது, அரூர் பேருந்து நிலையத்தில் ஆடி, சேலம் பஸ்ஸை அரை மணி நேரம் நகரவிடாமல் செய்தவள் அவன் அக்கா சில்வியா. இப்போது அந்த நோயையும் மருந்தையும் வைத்தே ஒரு நடனம் அமைத்து, தர்மபுரியில் மேடையேற்றியிருக்கிறாள். சொந்தக்காரர்களுக்கு இரண்டு ஆட்டமும் ஒன்றுதான். அப்பா பெரியநாயகம் மட்டும்தான் மேடை நடனத்தை முழுதாகப் பார்த்தவர். “என் பெட்டிக்கு முன்னாடி ஆடும்மா” என்று கேட்டுவைத்துவிட்டு, நிம்மதியாகக் கண்ணை மூடிவிட்டார். அவள் ஆடினால் அப்படியே ஆஸ்பத்திரிக்கு ஏற்றிவிட, அத்தை ஞானமேரி காருக்குச் சொல்லிவைத்திருந்தாள்.

காலையிலிருந்து அவள் அழுதால் “டவுன் ஆயிட்டா” என்றார்கள். லேசாகச் சிரித்தால் “ஏறிடுச்சு” என்றார்கள். துக்கம் விசாரிக்க வந்தவர்கள் மாத்திரையை விசாரித்துவிட்டுப் போனார்கள்.

“மாத்திரை போட்டியான்னு பதினோரு பேரு கேட்டாச்சு. அப்பா போனத ஒருத்தரும் கேக்கலடா,” என்றாள் சில்வியா.

“ஆடாதக்கா. இவங்களுக்குப் புரியாது.”

“உனக்கு?”

அவன் பெட்டிக்குத் தோள் கொடுக்கப் போனான்.

பெட்டி தோளுக்கு ஏறியதும் அவள் முன்னால் போய் நின்றாள். ஞானமேரி டிரைவருக்குப் போன் போட்டாள். ஃபிராங்க்ளினுக்குத் தோளில் அப்பா இருக்க, ஓடிப்போய்த் தடுக்கவும் வழியில்லை.

சில்வியா துள்ளவில்லை. இல்லாத மாத்திரையைப் பிரித்தாள், விழுங்கினாள், காத்திருந்தாள். ஓர் அடி வைத்தாள். மறுபடியும் பிரித்தாள். மருந்தால் நடுங்கும் விரல்களை, எப்போதும் துப்பட்டாவுக்குள் ஒளித்துவைக்கிற விரல்களை, எல்லோருக்கும் தெரிய உயர்த்தினாள்.

“இவ்ளோதானா?” என்றாள் ஞானமேரி, ஏமாந்த குரலில். போனில் டிரைவர் ஹலோ ஹலோ என்று கத்திக்கொண்டிருந்தார்.

“இதுக்கு எப்பிடிங்க சார் வாசிக்கறது?” நவநீதன் கிட்டே வந்து கிசுகிசுத்தார்.

ஆறு வருடமாக அந்தக் கையைப் பார்த்தும் பார்க்காததுபோல் இருந்தவன் ஃபிராங்க்ளின்.

“அக்கா கையப் பாத்து வாசிங்க.”

டிரம் குச்சி மெல்ல நடுங்கத் தொடங்கியது.

கல்லறைத் தோட்டம் பத்து நிமிட நடை. அன்று ஒரு மணி நேரம் ஆனது. பின்னால் வந்த யாரும் அவளை முந்தவில்லை.