முப்பத்தோராவது வரி

டீச்சருக்குப் பாடப்புத்தகம் என்றாலே ஆகாது. ரயில் நிலையம் எங்கே இருக்கிறது என்று எல்லோருக்கும் ஒரே வாக்கியத்தைக் கற்றுக்கொடுப்பது சோம்பேறிகள் வேலை என்பாள். பிழைக்க வந்த நாட்டின் மொழி தெரியாமல் தடுமாறும் பத்துப் பன்னிரண்டு பேர் புதன்கிழமை மாலைகளில் நூலகத்தின் பின்னறைக்கு அவளைத் தேடி வருவார்கள். முதல் நாள் எல்லோரிடமும் ஒரே கேள்விதான். "யார்கிட்ட, என்ன பேசணும்?" பதிலைக் கேட்டுக்கொண்டு, ஓர் அட்டையில் முப்பது வரி எழுதிக் கொடுப்பாள். லாரி ஓட்டுநருக்குச் சோதனைச்சாவடிப் பேச்சு, ஆஸ்பத்திரி ஆயாவுக்கு நோயாளியைப் புரட்டிப் படுக்கவைக்கும் பேச்சு. ஒருவர் அட்டை இன்னொருவருக்கு உதவாது. அதில் அவளுக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு.

முடிவெட்டுகிறவர் ஒருமுறை முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு வந்தார். "நீங்க எழுதினதை நான் கரெக்டாப் பேசிடறேன் டீச்சர். நாற்காலியில உக்கார்ற ஆளு அட்டையில இல்லாததைப் பேசறான். புரியாம தலையாட்டினேன். பாவம், மீசை போச்சு." வகுப்பு விழுந்து விழுந்து சிரித்தது. டீச்சரும் சிரித்தாள். மீசைக்கு ஒரு வரி சேர்த்துக் கொடுத்துவிட்டு அத்தோடு அதை மறந்தாள். மறந்திருக்கக் கூடாது.

அந்தக் குளிர்காலத்தில்தான் இஸ்திரிக்காரி வந்து சேர்ந்தாள். ஹோட்டல் சலவைக்கூடத்தில் நாள் முழுக்கப் படுக்கை விரிப்புகளுக்கு இஸ்திரி போடுகிறவள். இரண்டு கை விரல்களிலும் சூட்டுத் தழும்பு.

"யார்கிட்ட, என்ன பேசணும்?"

"என் பொண்ணுகிட்ட."

மற்றதை மெதுவாகத்தான் சொன்னாள். புருஷன் எப்போதோ கைகழுவிவிட்டுப் போயிருந்தான். நெஞ்சு நோய் முற்றி இவள் ஒன்றரை வருஷம் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, மூன்று வயது மகளை அரசாங்கம் வேறொரு குடும்பத்தில் வளரவிட்டது. இப்போது பிள்ளைக்கு ஐந்து வயது. தமிழ் ஒரு சொல்கூட மிச்சமில்லை. இவளுக்கோ பிள்ளை பேசும் இந்த நாட்டு மொழி சுத்தமாகத் தெரியாது. பிள்ளையைத் திருப்பிக் கொடுப்பதா வேண்டாமா என்று முடிவு செய்ய, குழந்தைகள் நல அலுவலகத்தில் ஒரே ஒரு சந்திப்பு வைத்திருந்தார்கள். அரை மணி நேரம். மொழிபெயர்க்க ஆள் கிடையாது. அதிகாரி மூலையில் உட்கார்ந்து எழுதுவார். தாயும் மகளும் தாங்களாகப் பேசிக்கொள்ள முடிகிறதா என்பதுதான் சோதனையே.

நாள் குறைவு, ஏழு புதன்கிழமைகள். டீச்சர் தன் திறமையையெல்லாம் கொட்டி ஓர் அட்டை எழுதினாள். சாப்பிட்டாயா, கை ஏன் சில்லென்று இருக்கிறது, இந்தச் சட்டை யார் வாங்கியது, என் மடியில் உட்காருகிறாயா. எல்லாம் ஒரு தாய் கேட்கக்கூடியவை. பிறகு குட்டி நாற்காலி ஒன்றை இழுத்துப்போட்டு, தானே குழந்தையாக உட்கார்ந்துகொண்டாள். சாப்பிட்டாயா என்றால் சாப்பிட்டேன் என்பாள். சமர்த்துக் குழந்தை. கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னது, தானாக ஒன்றும் கேட்கவில்லை.

ஆறாவது வாரம் இஸ்திரிக்காரி சந்தேகப்பட்டாள். "அவ வேற ஏதாவது கேட்டுட்டா?"

"பேந்தப் பேந்த முழிச்சிடாதீங்க. அந்த அதிகாரி அதைத்தான் எழுதுவாங்க. சிரிச்ச முகமா ஆமாம்னு தலையாட்டிட்டு அடுத்த வரிக்குப் போயிடுங்க."

சந்திப்பு முடிந்த அன்று அவள் மூச்சிரைக்க ஓடிவந்தாள். "முப்பதும் சொல்லிட்டேன் டீச்சர், ஒண்ணு விடல. ரெண்டு தடவை அவளா ஏதோ கேட்டா. நீங்க சொன்ன மாதிரியே பண்ணினேன். கடைசியில கொஞ்சம் அழுதா. என்னை அடையாளம் தெரிஞ்சிடுச்சு போல." டீச்சர் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். இருவருக்கும் வாயெல்லாம் பல்.

பத்தாம் நாள் கடிதம் வந்தது. உறையைப் பிரிக்காமலே கொண்டுவந்து மேஜையில் வைத்து, "நீங்களே படிச்சுச் சொல்லுங்க" என்றாள்.

டீச்சர் முதலில் மனசுக்குள் படித்தாள். பிள்ளை தாயிடம் கேட்டதாம், நீ ஏன் என்னை விட்டுவிட்டுப் போனாய் என்று. தாய் சிரித்தாள், ஆமாம் என்றாள், இந்தச் சட்டை யார் வாங்கியது என்று கேட்டாள். பிறகு பிள்ளை கேட்டது, நான் வேண்டாம் என்றுதான் விட்டுவிட்டாயா. தாய் மறுபடியும் சிரித்து, ஆமாம் என்றாள். அந்தப் பதிலுக்குப் பிறகு பிள்ளை மூன்று நாள் யாரிடமும் பேசவில்லை. இனிச் சந்திப்பு கிடையாது. அந்தக் குடும்பத்திடமே நிரந்தரமாக வளரும்.

பொய் சொல்ல டீச்சருக்கு ஒரு நிமிஷம் நாக்குத் துடித்தது. சொல்லவில்லை. வரிவரியாகத் தமிழில் சொன்னாள். முடித்துவிட்டு, "தப்பு என்னோடது" என்றாள்.

"ஆமாம்" என்றாள் இஸ்திரிக்காரி. இந்த முறை சிரிக்கவில்லை.

தன் தவறுதான் என்று டீச்சர் அலுவலகத்துக்கு நான்கு பக்கம் எழுதினாள். பதிவு செய்துகொண்டோம் என்று ஒரு வரி பதில் வந்தது. வெட்கம் அவளைப் பிடுங்கித் தின்றது. இனி யாருக்கும் அட்டை எழுத மாட்டேன் என்று முடிவு செய்திருந்த புதன்கிழமையில் இஸ்திரிக்காரி பழைய அட்டையோடு வந்து நின்றாள்.

"கீழ கொஞ்சம் இடம் இருக்கு. அவ கேட்டதுக்கு என்ன சொல்லணும்னு எழுதிக் கொடுங்க."

டீச்சர் எழுதினாள். நான் நோயில் கிடந்தேன், உன்னை ஒரு நாளும் வேண்டாம் என்று நினைக்கவில்லை. மூன்றே வாரத்தில் அவள் அதைப் பிசிறில்லாமல் சொல்லப் பழகினாள். மகளிடம் போய்ச் சொல்லத்தான் வழி இல்லை.

இப்போதும் புதன்கிழமை தவறாமல் வருகிறாள். மற்றவர்கள் போகும்வரை காத்திருந்து, குட்டி நாற்காலியை அவளே இழுத்துப்போடுகிறாள்.

"உக்காருங்க டீச்சர். கேளுங்க."

டீச்சர் உட்கார்ந்து, அந்த மொழியில், நான் வேண்டாம் என்றுதான் விட்டுவிட்டாயா என்று கேட்கிறாள்.